செக்மென்ட் 51: ஜான் கிளென்னிடம் கடைசி நிமிடம் வரை சொல்லாத செய்தி

1962 பிப்ரவரி 20, அமெரிக்காவின் புளோரிடாவில் உள்ள கேப் கனாவரல். அமெரிக்காவின் முதல் மனித விண்வெளித் திட்டமான மெர்குரியின் கட்டுப்பாட்டு மையத்தில், டெலிமெட்ரி (கலத்திலிருந்து ரேடியோவில் வரும் அளவுகள்) பலகைக்கு முன்னால் உட்கார்ந்திருந்த பொறியாளர் ஒருவர், வரக்கூடாத ஒரு அளவு வந்திருப்பதைப் பார்க்கிறார். அந்த அளவு வரும் தடத்துக்கு 'செக்மென்ட் 51' என்று பெயர். அது சொல்வதை அப்படியே எடுத்துக்கொண்டால், தலைக்கு மேலே இரண்டாவது சுற்றில் போய்க்கொண்டிருக்கும், ஜான் கிளென் ஓட்டும் ஃபிரெண்ட்ஷிப் 7 கலத்தின் அடியில் இருக்கும் வெப்பக் கவசம் பூட்டிலிருந்து விடுபட்டுவிட்டது. கவசம் இல்லாமல் திரும்பி வந்தால் உள்ளே இருக்கும் மனிதர் எரிந்துபோவார். அதில் வாதத்துக்கு இடமே இல்லை.

அந்த அளவு பொய். இன்று நமக்குத் தெரியும். அன்று அந்த அறையில் யாராலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. அடுத்த இரண்டு மணி நேரத்துக்கு மேல் அவர்கள் என்ன யோசித்தார்கள், எப்படி முடிவெடுத்தார்கள், அதை எப்படிச் சொன்னார்கள், எப்படிச் சொல்லாமல் விட்டார்கள் என்பதுதான் இந்த நிகழ்வு. மனித விண்வெளிப் பயணத்தின் தொடக்க காலக் கதைகளில் நான் திரும்பத் திரும்பப் போய்ப் படிப்பது இதைத்தான். காகாரின் கதையில் வீரம் இருக்கிறது, அப்போலோ 11 கதையில் பிரமாண்டம் இருக்கிறது. இதில் ஒரு சின்ன சுவிட்சும், அதை நம்புவதா வேண்டாமா என்று தவித்த சில மனிதர்களும் இருக்கிறார்கள்.

முதலில் கலத்தின் அடிப்பக்கத்தைப் புரிந்துகொள்ள வேண்டும். அது புரியாவிட்டால் மற்றது எதுவும் புரியாது.

மெர்குரி கலம் ஒரு மணி மாதிரி இருக்கும். அகலமான அடிப்பக்கம் 1.9 மீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. ஒரே ஒரு ஆள் மல்லாந்த நிலையில் உட்காரலாம், அவ்வளவுதான் இடம். அடியில் வெப்பக் கவசம்: கண்ணாடி இழையும் பிசினும் சேர்த்துச் செய்தது. காற்று மண்டலத்துக்குள் பாயும்போது இது மேல்பரப்பில் கருகிக் கருகி உதிரும், உதிரும்போது வெப்பத்தையும் எடுத்துக்கொண்டு போய்விடும். சரி, இந்தக் கவசத்தை ஏன் கலத்தோடு நிரந்தரமாக இறுக்கி ஒட்டிவிடவில்லை? கலம் கடலில் வந்து விழும்போது ஏற்படும் அடியைக் குறைக்கத்தான். பாராசூட் விரிந்த பிறகு கவசம் பூட்டிலிருந்து விடுபட்டு 1.2 மீட்டர் அளவுக்குக் கீழே தொங்கும். கவசத்துக்கும் கலத்துக்கும் நடுவில் ரப்பர் பூசிய துணியால் ஆன ஒரு பை பாவாடை மாதிரி விரிந்து காற்றை நிரப்பிக்கொள்ளும். தண்ணீரில் மோதும்போது அந்தப் பை மெத்தையாக வேலை செய்யும். இதற்கு லேண்டிங் பேக் என்று பெயர். ஆகவே, 'லேண்டிங் பேக் விரிந்துவிட்டது' என்ற செய்தியின் உண்மையான பொருள் 'கவசத்தின் பூட்டு திறந்துவிட்டது' என்பதுதான்.

கவசத்துக்கும் வெளியே இன்னொரு பொருள் இருந்தது: ரெட்ரோ பேக். சுற்றுப்பாதையிலிருந்து இறங்க வேகத்தைக் குறைக்க வேண்டும். அதற்கான மூன்று திட எரிபொருள் ராக்கெட்டுகள் ஒரு சின்ன மூட்டையாகக் கவசத்தின் நடுவில், மூன்று உலோகப் பட்டைகளால் கட்டப்பட்டிருந்தன. அவை எரிந்து முடிந்த ஒரு நிமிடத்தில் பட்டைகள் அறுபட்டு மூட்டை கழன்று போய்விடும், பிறகு கவசம் சுத்தமாக முன்னால் நின்று காற்றைச் சந்திக்கும். முறைப்படி நடக்க வேண்டியது இது.

அந்த மூன்று பட்டைகளை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த நாள் எப்படிப்பட்ட நாள்

சோவியத் யூனியனின் முதல் செயற்கைக்கோளான ஸ்புட்னிக் போய் நான்கு ஆண்டுகளுக்கு மேலாகியிருந்தது. அதே நாட்டின் யூரி காகாரின் 1961 ஏப்ரல் 12 அன்று ஒரு சுற்று வந்துவிட்டார், ஆகஸ்டில் கெர்மன் திதோவ் 17 சுற்று வந்துவிட்டார். அமெரிக்காவுக்கு அதுவரை இருந்தது ஆலன் ஷெப்பர்ட், கஸ் கிரிஸம் ஆகிய இருவரின் பதினைந்து நிமிடப் பயணங்கள் மட்டும்தான். மேலே போய்க் கீழே வந்தார்கள், பூமியைச் சுற்றவில்லை. சுற்றுப்பாதைக்குப் போக அட்லஸ் ராக்கெட் வேண்டும். அந்த அட்லஸோ, மெர்குரி கலத்தைச் சுமந்த முந்தைய ஐந்து சோதனைகளில் இரண்டில் ஏறும்போதே அழிந்திருந்தது. ஐந்தாவதில் இனோஸ் என்ற சிம்பன்சி இரண்டு சுற்று வந்து உயிரோடு திரும்பியது. ஆறாவதில் மனிதர். 40 வயதான மரீன் படை விமானி ஜான் கிளென்.

புறப்பாடு வானிலையாலும் பழுதுகளாலும் பலமுறை தள்ளிப்போனது. பிப்ரவரி 20 அன்றுகூட கிளென் உள்ளே உட்கார்ந்த பிறகு கதவின் 70 போல்ட்டுகளில் ஒன்று உடைந்திருப்பது தெரிந்து, கதவைத் திறந்து மறுபடி மூட 40 நிமிடம் ஆனது. காலை 9:47-க்கு அட்லஸ் கிளம்பியது. ஐந்து நிமிடத்தில் சுற்றுப்பாதை. கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டுக் குறைந்தது ஏழு சுற்று தாங்கும் என்று சொன்னார்கள். திட்டமிட்டிருந்தது மூன்று.

முதல் சுற்றின் முடிவில், மெக்சிகோவின் குவைமாஸ் நிலையத்துக்கு மேலே வரும்போது, தானியங்கி கட்டுப்பாட்டில் ஒரு சிறு ஜெட் ஒழுங்காக வேலை செய்யவில்லை. கலம் பக்கவாட்டில் மெதுவாகத் திரும்பும், பெரிய ஜெட் அதைத் தள்ளித் திருத்தும், மறுபடி திரும்பும். எரிபொருள் வீணாகிறது என்று கிளென் கட்டுப்பாட்டைத் தன் கைக்கு எடுத்துக்கொண்டார். இதை ஏன் சொல்கிறேன் என்றால், அதற்குப் பிறகு நடந்த எல்லாவற்றையும் ஒரு கையால் கலத்தை ஓட்டிக்கொண்டேதான் அவர் சமாளித்தார். சும்மா சன்னல் வழியாக வேடிக்கை பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கவில்லை.

சுற்றி வளைத்துக் கேட்ட கேள்விகள்

செக்மென்ட் 51 அளவு கண்ணில் பட்டதும் விமான இயக்குநர் கிறிஸ் கிராஃப்ட்டிடம் செய்தி போனது. உலகம் முழுக்க இருந்த மெர்குரி தரை நிலையங்கள், இரண்டு கப்பல்களையும் சேர்த்து, பதினெட்டு. கலம் ஒரு நிலையத்தின் எல்லைக்குள் சில நிமிடம்தான் இருக்கும், பிறகு அடுத்த நிலையம் வரும்வரை மௌனம். எல்லா நிலையங்களும் அந்த அளவைக் கவனிக்க வேண்டும், லேண்டிங் பேக் சுவிட்ச் 'ஆஃப்' நிலையில்தான் இருக்கிறதா என்று கிளென்னிடம் உறுதிப்படுத்திக்கொள்ள வேண்டும் என்று உத்தரவு போனது. ஏன் கேட்கிறோம் என்பதைச் சொல்ல யாரும் முன்வரவில்லை.

இந்தியப் பெருங்கடலில் நின்ற கப்பல் கேட்டுக்கொண்டது: சுவிட்ச் ஆஃப் நிலையிலேயே இருக்கட்டும். சரி என்றார் கிளென். ஆஸ்திரேலியாவின் மூச்சியா நிலையத்தில் இருந்தவர் கோர்டன் கூப்பர், அவரும் விண்வெளி வீரர். அவரும் சுவிட்சைப் பற்றிக் கேட்டார். கலம் வேகமாகத் திரும்பும்போது அடிப்பக்கத்தில் ஏதாவது 'டமடம' என்று இடிக்கும் சத்தம் கேட்டதா என்றும் கேட்டார். இல்லை என்றார் கிளென். அந்தப் பதில்தான் அவர்களுக்கு வேண்டியிருந்தது என்றார் கூப்பர். அதோடு விட்டுவிட்டார்.

பசிபிக்கில் கேன்டன் தீவுக்கு மேலே வந்தபோது அந்த நிலையத்தின் தொடர்பாளர், லேண்டிங் பேக் விரிந்திருப்பதாகத் தங்களுக்கும் எந்தக் குறிப்பும் வரவில்லை என்று தானாகவே சொன்னார். நினைத்துப் பாருங்கள். நீங்கள் கேட்கவே இல்லை, ஒருவர் வந்து 'உங்கள் வீட்டில் தீப்பிடித்ததாக எனக்கும் தகவல் இல்லை' என்கிறார். கிளென் உடனே கேட்டார்: பை இறங்கிவிட்டதாக யாராவது சொன்னார்களா? இல்லை, இதைக் கவனிக்கச் சொல்லி ஒரு கோரிக்கை வந்தது என்று பதில்.

அப்போது கிளென் செய்ததுதான் எனக்கு இந்தக் கதையிலேயே மிகவும் முக்கியமாகப் படுகிறது. அவர் தானாகவே ஒரு காரணம் கற்பித்துக்கொண்டார். முந்தைய சூரிய உதயத்தின்போது கலத்தைச் சுற்றி ஆயிரக்கணக்கான ஒளித் துகள்கள் மின்மினிப் பூச்சிகள் மாதிரி மிதந்ததை அவர் தரைக்குச் சொல்லியிருந்தார். அந்தத் துகள்கள் பையிலிருந்து வந்திருக்குமோ என்று கீழே சந்தேகப்படுகிறார்கள் போல, ஆனால் இவை எல்லாத் திசையிலும் மைல் கணக்கில் பரவியிருக்கின்றனவே என்று விளக்கம் வேறு சொன்னார். முழுக்கத் தவறான யூகம். ஆனால் கையில் இருந்த தகவலை வைத்துப் பார்த்தால் முழுக்க நியாயமான யூகம். (அந்த மின்மினிகள் கலத்தின் சுவரில் படிந்த உறைபனி என்பது மூன்று மாதம் கழித்து அடுத்த பயணத்தில் தெரிந்தது. ஸ்காட் கார்பென்டர் உள்சுவரைத் தட்டினார், வெளியே மின்மினிகள் பறந்தன.)

கீழே நடந்த வாதம்

கட்டுப்பாட்டு அறையில் இரண்டு பக்கம் இருந்தது. கிராஃப்ட்டும் அவருடைய ஆட்களும் அளவு பொய் என்றே நம்பினார்கள். மற்ற அறிகுறி எதுவும் அதோடு ஒத்துப்போகவில்லை: இடிக்கும் சத்தம்கூட இல்லை. அவர்கள் இந்தக் கருவிகளோடு மாதக்கணக்கில் வாழ்ந்தவர்கள். பொய் சொல்லும் சென்சார் எப்படிப் பேசும் என்று அவர்களுக்குத் தெரியும்.

இன்னொரு பக்கம் கிராஃப்ட்டுக்கு மேலே இருந்த செயல்பாட்டு இயக்குநர் வால்டர் வில்லியம்ஸ். அவருடைய கேள்வி எளிமையானது: பொய் என்று நிரூபிக்க முடியுமா? முடியாது. அப்படியானால் உண்மை என்று வைத்துக்கொண்டு என்ன செய்யலாம்?

அங்கேதான் அந்த மூன்று பட்டைகள் வருகின்றன. கவசம் பூட்டில் இல்லை என்றே வைத்துக்கொள்வோம். இப்போது அதைக் கலத்தோடு பிடித்துக்கொண்டிருப்பது எது? ரெட்ரோ பேக்கின் பட்டைகள். ராக்கெட்டுகள் எரிந்த பிறகு மூட்டையைக் கழற்றாமல் அப்படியே விட்டுவிட்டால், காற்று மண்டலத்தில் நுழையும்வரை பட்டைகள் கவசத்தை இழுத்துப் பிடித்திருக்கும். சூட்டில் பட்டைகள் எரிந்து அறுந்துபோவதற்குள் எதிர்க்காற்றின் அழுத்தம் அதிகமாகிக் கவசத்தைக் கலத்தோடு சேர்த்து அழுத்திவிடும். அதற்கு அப்புறம் பூட்டு தேவையில்லை.

அழகான யோசனை. ஆனால் யாரும் சோதித்துப் பார்த்ததில்லை. ரெட்ரோ பேக்கோடு ஒரு கலம் உள்ளே நுழைந்தால் என்ன ஆகும்? மூட்டை ஒருபக்கமாக உடைந்து, காற்று ஒரு இடத்தில் குவிந்து, நல்ல கவசத்தையே துளைத்துவிடுமா? கலத்தின் வடிவத்தை வகுத்த மேக்ஸ் ஃபாஜேயிடம் கேட்டார்கள். மூன்று ராக்கெட்டும் முழுதாக எரிந்திருந்தால் பரவாயில்லை, தாங்கும் என்பது அவருடைய பதில். எரியாத ராக்கெட் ஒன்று அங்கே மிச்சம் இருந்தால் அது சூட்டில் வெடித்துவிடும், அப்போது மூட்டையை வைத்திருக்கவே கூடாது.

இதைத் தராசில் வைத்துப் பார்த்தால் வில்லியம்ஸின் பக்கம் தாழ்கிறது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. அளவு உண்மையாக இருந்து மூட்டையைக் கழற்றினால் நிச்சய மரணம். அளவு பொய்யாக இருந்து மூட்டையை வைத்திருந்தால் தெரியாத ஆபத்து, ஆனால் கலத்தை வடிவமைத்தவரே தாங்கும் என்கிற ஆபத்து. அந்த நேரத்தில், அந்தத் தகவலோடு, நானாக இருந்தாலும் வைத்துக்கொள்ளத்தான் சொல்லியிருப்பேன். கிராஃப்ட் இதை ஏற்கவில்லை. எங்கள் ஆட்கள் நேருக்கு நேர் பார்த்துச் சொன்னதை மேலே இருந்தவர்கள் மீறிவிட்டார்கள் என்ற கோபம் அவருக்குக் கடைசிவரை போகவில்லை. தன் குழுவின் முடிவை நிர்வாகம் இனிச் சுலபமாக மாற்ற விடமாட்டேன் என்று அன்று உறுதி எடுத்துக்கொண்டதாக அவர் பின்னால் எழுதினார். அவர் சொன்னதிலும் நியாயம் இருக்கிறது, அளவு பொய்யாகத்தானே முடிந்தது. ஆனால் முடிவு சரியா தவறா என்பதை விளைவை வைத்து மட்டும் எடைபோட முடியாது.

இருபது நிமிடத்தில் மூன்று பேச்சு

மூன்றாவது சுற்றின் கடைசிப் பகுதி. ஹவாய் நிலையம் முதல் தடவையாக விஷயத்தை வெளிப்படையாகச் சொன்னது: பை விரிந்ததாகத் தரையில் ஒரு குறிப்பு வருகிறது, பொய் என்று நினைக்கிறோம், ஆனால் சுவிட்சை 'ஆட்டோ' நிலைக்குத் தள்ளி, பை விரிந்ததைக் காட்டும் விளக்கு எரிகிறதா என்று பார்க்கச் சொல்கிறார்கள்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்போம். அவர் கையில் இருப்பது ஒரு சாதாரண சுவிட்ச். இத்தனை நேரம் 'அதைத் தொடாதே, ஆஃபிலேயே இருக்கட்டும்' என்று ஊர் ஊராகச் சொல்லிக்கொண்டு வந்தார்கள். இப்போது 'தள்ளிப் பார்' என்கிறார்கள். சுற்றில் எங்கேயாவது கோளாறு இருந்தால், அந்தத் தள்ளலே பையை உண்மையாக விரித்துவிட்டால்? கிளென் ஒரு நொடி தயங்கியது அவருடைய பதிலிலேயே தெரிகிறது: அவர்கள் விரும்புவது அதுதான் என்றால் செய்து பார்க்கலாம் என்கிறார். சுவிட்சைத் தள்ளினார். விளக்கு எரியவில்லை. உடனே பழைய நிலைக்குக் கொண்டுவந்துவிட்டார். ஹவாய் மகிழ்ச்சியாக, நல்லது, அப்படியானால் இறங்குவது வழக்கமான முறையில்தான் என்று சொன்னது.

வழக்கமான முறை. இது முதல் பேச்சு.

பதினோரு நிமிடம் கழித்து, புறப்பட்டு 4 மணி 33 நிமிடத்தில், கலிபோர்னியக் கரைக்கு அருகே ரெட்ரோ ராக்கெட்டுகள் ஒன்றன்பின் ஒன்றாக எரிந்தன. மூன்றும் எரிந்தன. ஹவாய்க்கே திரும்பிப் போகிற மாதிரி இருக்கிறது என்றார் கிளென், வேகம் குறையும்போது அப்படித்தான் தோன்றும். கலிபோர்னியாவில் தொடர்பில் இருந்தவர் வாலி ஷிரா, அவரும் விண்வெளி வீரர். டெக்சாஸ் தாண்டும்வரை ரெட்ரோ பேக்கைக் கழற்ற வேண்டாம் என்றார். இது இரண்டாவது.

டெக்சாஸ் வந்தது. அங்கே இருந்த தொடர்பாளர் சொன்னார்: உள்ளே நுழைவது முழுவதும் ரெட்ரோ பேக் இருக்கட்டும் என்று பரிந்துரைக்கிறோம். அதற்காக, தானாக நடக்க வேண்டிய சில வேலைகளை நிறுத்திக் கையால் செய்ய வேண்டும், பெரிஸ்கோப்பையும் (கலத்துக்கு வெளியே நீண்டிருக்கும் பார்வைக் குழாய்) கையால் உள்ளே இழுக்க வேண்டும். கிளென் கேட்டார்: இதற்குக் காரணம் என்ன? ஏதாவது காரணம் இருக்கிறதா?

இப்போதைக்கு இல்லை, இது கேப் கட்டுப்பாட்டின் முடிவு என்று பதில் வந்தது.

காற்று மண்டலத்தைத் தொட இன்னும் சில நிமிடம்தான். ஒரு மனிதர் தன் உயிர் சம்பந்தப்பட்ட ஒன்றை ஏன் செய்யச் சொல்கிறீர்கள் என்று கேட்கிறார். பதில் இல்லை. அடுத்து கேப்பிலிருந்து ஆலன் ஷெப்பர்டின் குரல் வந்து, பெரிஸ்கோப்பை இழுக்கும் வேலையின் நடுவே, ஒருவழியாகச் சொன்னது: உங்கள் லேண்டிங் பேக் விரிந்ததா இல்லையா என்று எங்களுக்கு உறுதியாகத் தெரியவில்லை, ரெட்ரோ பேக்கோடு உள்ளே நுழைவது சாத்தியம் என்று நினைக்கிறோம்.

சிறிது நேரத்தில் தொடர்பு அறுந்தது. சூடான காற்று கலத்தைச் சுற்றி மின்னூட்டம் கொண்ட உறையாக மாறும்போது ரேடியோ அதைத் தாண்டிப் போகாது. நான்கு நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல்.

உள்ளே அவர் பார்த்தது இது. ஒரு பட்டை அறுந்து சன்னலுக்கு எதிரே தொங்கி ஆடியது. பிறகு சன்னல் முழுக்க ஆரஞ்சு நிற ஒளி, அதில் எரியும் துண்டுகள் பறந்து பின்னால் போயின. அவை ரெட்ரோ பேக்கின் துண்டுகளா, கவசத்தின் துண்டுகளா? அவருக்குத் தெரிய வழியில்லை. கவசத்தை நோக்கி முதுகைக் காட்டித்தான் அவர் உட்கார்ந்திருந்தார். கவசம் போயிருந்தால் சூடு முதலில் முதுகில்தான் தெரியும், அதற்காகக் காத்திருந்ததாகப் பிற்காலத்தில் சொன்னார். காத்திருந்துகொண்டே கலத்தை நேராக ஓட்டினார். கவசத்தின் முகத்தில் அப்போது வெப்பம் ஏறத்தாழ 1,650 டிகிரி செல்சியஸ். பேசிப் பார்த்தார், யாரும் கேட்கவில்லை.

கேப்பில் ஷெப்பர்ட் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார். கடைசியில் கிளென்னின் குரல் தெளிவாக வந்தது. அது ஒரு உண்மையான தீப்பந்து என்றார்.

மற்றவை சீக்கிரம் முடிந்தன. எரிபொருள் தீர்ந்து கலம் ஊசலாடத் தொடங்கியது, சிறு பாராசூட் எதிர்பார்த்ததைவிட உயரத்திலேயே திறந்து ஆட்டத்தை நிறுத்தியது, பெரிய பாராசூட் திறந்தது. அப்புறம் லேண்டிங் பேக் விரிந்தது, விரிய வேண்டிய நேரத்தில், விரிய வேண்டிய முறையில். 4 மணி 55 நிமிடம் 23 விநாடிகள். குறித்த இடத்துக்குச் சுமார் 60 கிலோமீட்டர் முன்னதாகவே அட்லாண்டிக்கில் விழுந்தது. நோவா என்ற போர்க்கப்பல் வந்து கலத்தைத் தூக்கிக்கொண்டது. வெளியே வந்தவர் முதலில் சொன்னது உள்ளே சூடாக இருந்தது என்பதுதான்.

சுவிட்ச்

கலத்தைப் பிரித்துப் பார்த்ததில், கவசம் விடுபட்டதைக் காட்ட வேண்டிய சுவிட்ச்களில் ஒன்றின் தண்டு தளர்ந்திருந்தது. அது சற்று அசைந்தால் போதும், மின் தொடர்பு மாறி, பை விரிந்ததாகச் செய்தி போகும். அவ்வளவுதான். கவசம் கடைசிவரை பூட்டிலேயே இருந்தது.

இதை ஒரு 'சென்சார் கோளாறு' என்று ஒரு வரியில் எழுதிவிட்டுப் போகலாம். எனக்கு மனம் வரவில்லை. ஏனென்றால் அன்றைக்குப் பழுதானது ஒரு சுவிட்ச் மட்டும் இல்லை.

கிளென்னிடம் சொல்லாமல் வைத்ததற்குக் காரணம் கெட்ட எண்ணம் இல்லை. அவர் ஏற்கெனவே கையால் ஓட்டிக்கொண்டிருக்கிறார், பொய்யாக இருக்கக்கூடிய ஒன்றைச் சொல்லி எதற்குக் கலவரப்படுத்த வேண்டும் என்று நினைத்தார்கள். அக்கறைதான். ஆனால் பாருங்கள், அந்த அக்கறையால் என்ன நடந்தது? அவர் இரண்டு கடல்களுக்கு மேலே புதிர்க் கேள்விகளுக்குப் பதில் சொல்லிக்கொண்டு போனார். தவறான ஒரு விளக்கத்தைத் தானே கட்டிக்கொண்டார். வழக்கமான முறை என்று ஹவாய் சொன்னதை நம்பிக் கலிபோர்னியாவுக்கு வந்தார். ரகசியம் வைத்ததால் அவருக்குக் கலவரம் குறைந்ததாகத் தெரியவில்லை, கடைசி ஐந்து நிமிடத்தில் எல்லாம் ஒன்றாக வந்து சேர்ந்தது, அவ்வளவுதான்.

இன்னொன்றும் இருக்கிறது. கலத்தின் அடியில் என்ன நடக்கிறது என்பதை உணரக்கூடிய ஒரே மனிதக் கருவி அவர்தான். சத்தம், அதிர்வு, கலம் திரும்பும்போது ஏதாவது தொங்குகிற உணர்வு. என்ன தேடுகிறோம் என்று சொல்லியிருந்தால் அவர் அதைத் தேடியிருப்பார். கலத்தை வேண்டுமென்றே ஒரு பக்கம் அசைத்துப் பார்த்திருக்கலாம். 'சத்தம் கேட்டதா' என்று ஒரு கேள்வியை மட்டும் வீசிவிட்டு 'இல்லை' என்ற ஒரு சொல்லை வாங்கிக்கொண்டு போனார்கள்.

நான் பத்தாண்டுகளுக்கு முன்னால் ஒரு ஆலையில் ஷிப்டு வேலை பார்த்தேன். ஒரு இரவு கட்டுப்பாட்டு அறையிலிருந்து வாக்கிடாக்கியில் என்னைக் கூப்பிட்டு, மூன்றாவது தொட்டியின் அடி வால்வு மூடியிருக்கிறதா என்று பார்க்கச் சொன்னார்கள். பார்த்தேன், மூடியிருந்தது, சொன்னேன். கால் மணி கழித்து மறுபடி அதே கேள்வி. அப்புறம் இன்னொரு முறை. ஏன் என்று யாரும் சொல்லவில்லை. தொட்டியின் அளவு வேகமாக இறங்குவதாகப் பலகையில் காட்டிக்கொண்டிருந்தது என்று காலையில்தான் தெரிந்தது. அளவுமானிதான் பழுது. ஆனால் அதை அப்போதே சொல்லியிருந்தால், நான் ஏணியில் ஏறி மூடியைத் திறந்து டார்ச் அடித்துப் பார்த்திருப்பேன், ஐந்து நிமிட வேலை. மூன்று முறையும் நான் பார்த்தது வால்வை மட்டும்தான், ஏனென்றால் என்னிடம் கேட்டது அதை மட்டும்தான். கிளென்னின் உரையாடல் பதிவைப் படிக்கும்போதெல்லாம் அந்த இரவு நினைவுக்கு வருகிறது.

பயணம் முடிந்ததும் கிளென் தன் எதிர்ப்பைப் பதிவு செய்தார். ஓட்டுகிறவருக்கு எல்லாத் தகவலும் உடனுக்குடன் வர வேண்டும் என்பது அவருடைய நிலை. போர்க்காலத்திலும் சோதனை ஓட்டத்திலும் பழகிய விமானி அவர், கெட்ட செய்தியைத் தாங்குவது அவருடைய தொழிலின் பகுதி.

இந்தப் பிரச்சினை 1962-ஓடு முடிந்துவிடவில்லை என்பதற்காக இன்னொரு நிகழ்வையும் சேர்த்துச் சொல்கிறேன். 2003 ஜனவரி 16 அன்று கொலம்பியா விண்கலம் புறப்பட்ட 82-வது விநாடியில் நுரைத் துண்டு ஒன்று இடது இறக்கையில் மோதியது. ஒரு வாரம் கழித்து மின்னஞ்சலில் குழுவினருக்கு இதைச் சொன்னார்கள், கவலைப்பட ஒன்றுமில்லை என்ற உறுதியோடு. பிப்ரவரி 1 அன்று திரும்பும்போது இடது பக்கத்தில் நான்கு வெப்ப அளவுமானிகள் அடுத்தடுத்துச் செத்தன. நான்குக்கும் பொதுவான காரணம் ஏதாவது உண்டா என்று விமான இயக்குநர் கேட்டார், இல்லை என்று பதில் வந்தது. இந்தத் தடவை அளவுகள் உண்மையைத்தான் சொல்லிக்கொண்டிருந்தன. கல்பனா சாவ்லா உட்பட ஏழு பேரில் ஒருவரும் திரும்பவில்லை. அந்த நிமிடத்தில் யாராலும் எதுவும் செய்திருக்க முடியாது, அதற்கு முந்தைய பதினைந்து நாட்களைப் பற்றித்தான் கேள்வி.

1962-க்கே திரும்புகிறேன். வில்லியம்ஸ் மீது எனக்குக் குறை இல்லை, கிராஃப்ட் மீதும் இல்லை. நான் அடிக்கடி நினைத்துப்பார்ப்பது அந்த டெக்சாஸ் நிலையத்தில் ஹெட்செட்டோடு உட்கார்ந்திருந்தவரை. அவர் முடிவெடுத்தவர் இல்லை. கேப்பிலிருந்து வந்த உத்தரவை வார்த்தை பிசகாமல் வாசித்தார், பெரிஸ்கோப்பை எப்படி இழுக்க வேண்டும் என்பதுவரை கச்சிதமாகச் சொன்னார். அப்போது மேலேயிருந்து அந்தக் கேள்வி வந்தது. ஒலிப்பதிவில் கிளென்னின் குரலில் கோபம் இல்லை, நடுக்கம் இல்லை, தெரிந்துகொள்ள விரும்பும் ஒரு பொறியாளரின் குரல்தான். கொடுப்பதற்கு இவரிடம் காரணம் எதுவும் இல்லை, அது கேப்பின் முடிவு என்பது மட்டும்தான் இருந்தது. அதைச் சொன்னார், கொஞ்ச நேரத்தில் கலம் அவருடைய எல்லையைத் தாண்டிக் கிழக்கே போய்விட்டது.